ரெண்டு சொட்டு போதும்

தம்பி,

நீயும் கவிதாவும் சுங்கை பூலோவில் குடியேறி இன்றோடு பதினேழு நாள் ஆகிறது. கிள்ளானிலிருந்து அது ஒன்றும் கடல் கடந்த தூரம் இல்லை. கார் எடுத்தால் ஒரு மணி நேரம், சாலை நெரிசல் என்றால் ஒன்றரை. ஆனாலும் காலையில் குளியலறைக்குள் நுழையும்போது உன் துண்டு தொங்கிய ஆணி சும்மா இருப்பதைப் பார்த்தால் ஒரு நிமிஷம் நின்றுவிடுகிறேன். எல்லாவற்றையும் மூட்டை கட்டிக்கொண்டு போன நீ, கண்ணாடிக்குக் கீழே உள்ள தட்டில் ஒரே ஒரு பொருளை மட்டும் விட்டுப் போயிருக்கிறாய். முகத்துக்குப் போடும் சீரம், மூடியிலேயே சொட்டு விடும் குழாய் வைத்த சின்னக் கண்ணாடிக் குப்பி. கால்வாசி மிச்சம் இருக்கிறது. மறந்துவிட்டாயோ என்று போனில் கேட்டேன். "மறக்கலம்மா, உங்களுக்குத்தான் வச்சிட்டு வந்தேன். ரெண்டு சொட்டு போதும், ஞாபகம் இருக்குல்ல?" என்றாய். ஞாபகம் இருக்கிறது. அந்தக் குப்பியால் எனக்குக் கிடைத்தது என்ன என்பதைச் சொல்லத்தான் இதை எழுதுகிறேன்.

உனக்கு மட்டும் எழுதுவது என்றால் போனிலேயே சொல்லியிருப்பேன். இதை ஞாயிறு பத்திரிகைக்கு அனுப்பப் போகிறேன். ஐந்தாம் வகுப்போடு படிப்பை நிறுத்தியவளுக்குப் பத்திரிகையில் என்ன வேலை என்று உன் அக்கா கேட்டாள். பள்ளிக்கூடக் கேன்டீனில் இருபத்தாறு வருஷம் சமைத்தவளுக்குச் சொல்லவும் ஏதாவது இருக்கும் என்று சொன்னேன். நான் நோட்டில் எழுதுகிறேன், பேத்தி யாழினி அதைப் போனில் தட்டி ஏற்றுகிறாள். பதினான்கு வயதில் என்ன வேகமாகத் தட்டுகிறாள், பார்த்துக்கொண்டே இருக்கலாம். "பாட்டி, இந்த வாக்கியம் ரொம்ப நீளம்" என்கிறாள். இருக்கட்டும் என்றேன். ஏன் பத்திரிகைக்கு என்பது படிக்கப் படிக்க உனக்குப் புரியும். உனக்குத் தெரியாத ஒன்றும் இதில் இருக்கிறது.

உனக்குப் பதினாறு வயதில் முகம் முழுக்கப் பரு. அந்த வயதில் யாருக்குத்தான் வரவில்லை? எனக்கு அது அப்போது தோன்றவில்லை. உன் வகுப்புப் படம் எடுக்கப் போகிறார்கள் என்று நீ ஒரு வாரமாகச் சட்டையைத் தேய்த்துத் தேய்த்து மாட்டிக்கொண்டிருந்தாய். அப்போதுதான் பாசார் மாலாம் இரவுச் சந்தையில் ஒரு கடையில் அந்த டப்பாவைப் பார்த்தேன். கட்டைவிரல் உயரம், மஞ்சள் நிறத்தில் ஒரு க்ரீம். கம்பெனி பெயர் இல்லை, உள்ளே என்ன சேர்த்திருக்கிறது என்று ஒரு வரி இல்லை. மூடியில் ஒரே ஒரு சொல்தான். மலாய் எழுத்தைக் கூட்டிக் கூட்டிப் படித்தேன்: பூத்தே. வெள்ளை. எனக்கு அது போதுமானதாக இருந்தது. நான் பருவுக்கு மருந்து வாங்கப் போகவில்லை தம்பி. அதை இப்போது ஒளிக்காமல் சொல்கிறேன். நான் நிறத்துக்கு வாங்கப் போனேன். உன்னை உட்காரவைத்து நானே என் கையால் பூசினேன். எரிகிறது என்று நீ சொன்னபோது நான் என்ன சொன்னேன் என்பதும் எனக்கு மறக்கவில்லை. "கருப்பா பொறந்தது போதாதுன்னு இதையும் வச்சுக்கிட்டு நிக்கப் போறியா? பல்லைக் கடிச்சுக்கிட்டு உக்காரு."

இரண்டு வாரத்தில் உன் முகம் வெளுத்தது. பரு அமுங்கியது. எதிர்வீட்டில், மேல்மாடியில், கீழே துணி காயப்போடும் இடத்தில், எங்கே பார்த்தாலும் "உன் மகனுக்கு என்ன போடுற?" என்று கேட்டார்கள். எனக்குத் தலைகால் புரியவில்லை. கடைக்காரனிடம் மொத்தமாக வாங்கி வந்து அப்போது நாம் இருந்த பிளாட்டில் பதினொரு வீட்டுக்கு நானே விற்றேன். நானும் போட்டுக்கொண்டேன். பிறகு நடந்தது உனக்குத் தெரியும். ஒன்றரை மாதத்தில் கன்னம் சிவந்து, தோல் உரிந்து, அமுங்கிய பரு எல்லாம் இரட்டிப்பாகக் கிளம்பியது. டப்பாவை நிறுத்தினால் இன்னும் மோசம். வகுப்புப் படத்தில் கடைசி வரிசையில், ஒரு உயரமான பையனுக்குப் பின்னால் உன் தலைமுடி மட்டும் தெரியும். கிளினிக் டாக்டர் டப்பாவைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, "இதுல பேரும் இல்ல, ஒண்ணும் இல்ல. இந்த மாதிரி க்ரீம்ல பாதரசம் கலப்பாங்கம்மா. இனி யாரும் தொடாதீங்க" என்றார். அன்றைக்குச் சாயங்காலம் களிம்பு போட உன் கன்னத்தை நோக்கிக் கையைக் கொண்டு வந்தேன். நீ தலையைப் பின்னால் இழுத்துக்கொண்டாய். "என் மூஞ்சியைத் தொடாதீங்கம்மா." கத்தவில்லை. சாதாரணமாகத்தான் சொன்னாய்.

அதற்கப்புறம் பதினாறு வருஷம். நீ என்னிடம் பேசாமல் இருந்ததில்லை, சம்பளம் வாங்கிய முதல் மாதமே எனக்கு மூக்குக்கண்ணாடி மாற்றிக் கொடுத்தாய், காய்ச்சலில் விழுந்தபோது தோளில் சாய்த்துக்கொண்டு போனாய். உங்கப்பா போனபோது நீதான் என்னைப் பிடித்துக்கொண்டு நின்றாய். ஒரு குறையும் வைக்கவில்லை. ஆனால் என் கை உன் முகத்துக்குப் பக்கத்தில் வந்தால் உன் தலை தன்னால் பின்னால் போகும். உனக்கே அது தெரியாது என்று நினைக்கிறேன். தீபாவளிக்குப் புதுச் சட்டை போட்டு வந்து நிற்பாய். எந்தத் தாயும் செய்வதுபோல இரண்டு கையாலும் முகத்தை வழித்து என் நெற்றிப்பொட்டில் வைத்து நெட்டி முறிக்க விரல் துடிக்கும். கையைத் தூக்குவேன். பாதியில் சட்டைக் காலரைச் சரி செய்வதுபோல் இறக்கிவிடுவேன். உன் காலர் எப்போதும் சரியாகத்தான் இருந்தது.

இந்த வருஷம் கல்யாணத்துக்கு நாள் குறித்த பிறகு ஒருநாள் உன் முகம் திடுமெனச் சிவந்து கிடந்தது. மூக்கோரத்தில் தோல் உரிந்திருந்தது. நீ வேலைக்குப் போன பிறகு குளியலறையைத் துழாவினேன். இந்த மாதிரி ஒரு குப்பி கிடைத்தது. கண்ணாடியை மாட்டிக்கொண்டு 'பூத்தே' எங்கே இருக்கிறது என்று தேடினேன், இல்லை. பெரிய எழுத்தில் 10% என்று இருந்தது. பத்து விழுக்காடு கழிவு போட்டு விற்றிருக்கிறான், கழிவில் தள்ளிவிடுகிற சரக்கு எப்படி நல்லதாக இருக்கும் என்று நினைத்துக்கொண்டேன். அப்படியே தொட்டியில் ஊற்றிவிட்டேன். கேன்டீன் பழக்கம் விடுமா, குப்பியைச் சோப்புப் போட்டுக் கழுவிக் கவிழ்த்தும் வைத்தேன். நல்ல கண்ணாடி.

நீ வந்து கேட்டாய். "இதுல இருந்தது எங்கம்மா?"

"ஊத்திட்டேன்."

"ஊத்திட்டீங்களா? ஏன்?"

"பத்து பெர்சன் கழிவுல வாங்கினதைப் போய் மூஞ்சில போடுறியே."

நீ குப்பியையும் என்னையும் மாறி மாறிப் பார்த்தாய். பிறகு சுவரில் சாய்ந்துகொண்டு சிரித்தாய் பார், அப்படி ஒரு சிரிப்பு. "ம்மா, அது கழிவு இல்ல. மருந்து எவ்வளவு சேர்த்திருக்கான்னு போட்டிருக்கு." எனக்குச் சிரிப்பு வரவில்லை. "நான் வாங்கிக் குடுத்த டப்பா மாதிரி ஆயிடுமோன்னு பயந்துட்டேன்டா" என்றேன். உன் சிரிப்பு நின்றது. பதினாறு வருஷத்தில் அந்த டப்பாவைப் பற்றி நம் வீட்டில் வாய் திறந்தது அதுதான் முதல் தடவை. நீ குப்பியைத் திரும்பவும் கவிழ்த்து வைத்துவிட்டு, "நானும் அவசரப்பட்டுட்டேன். கல்யாணத்துக்குள்ள தழும்பு போயிடணும்னு காலையிலயும் ராத்திரியிலயும் குழாய் நிறைய எடுத்து அப்பிக்கிட்டேன்" என்றாய். அதைக் கேட்டதும் எனக்குச் சுருக்கென்றது. அவசரம் உனக்கு என்னிடமிருந்துதான் வந்திருக்க வேண்டும்.

அந்த ஞாயிற்றுக்கிழமை பட்டு எடுக்க பிரிக்ஃபீல்ட்ஸ் போனோம். நீ, நான், யாழினி மூன்று பேரும் கொமுட்டர் ரயிலில். அப்போது யாழினிக்கு நெற்றியில் பரு கிளம்பியிருந்தது. ரயிலிலேயே நான், "பாட்டி உனக்கு ஏதாச்சும் வாங்கித் தரேன் இரு" என்று வாயெடுத்தேன். நீ "அம்மா" என்றாய். அவ்வளவுதான். எனக்குப் புரிந்தது. பட்டுக்கடைக்குப் போவதற்கு முன்னால் வழியில் இருந்த ஃபார்மசிக்கு எங்களைக் கூட்டிப் போனாய். உள்ளே நின்றது நம்ம தமிழ்ப் பிள்ளைதான், வெள்ளைக் கோட்டுப் போட்டு, காதில் சின்னத் தோடு. பார்த்தால் யாழினிக்கு அக்கா மாதிரி இருந்தது.

"சொல்லுங்க அண்ணே, என்ன வேணும்?" என்றது.

நீ நடந்ததைச் சொன்னாய். அந்தப் பிள்ளை சிரிக்காமல் கேட்டது. "நியாசினமைட் நல்ல பொருள்தான் அண்ணே. வைட்டமின் பி வகையில ஒண்ணு. எண்ணெய் வடியிறதைக் குறைக்கும், பரு போன இடத்துல இருக்கிற கறையை மெல்ல மெல்ல மங்க வைக்கும். ஆனா உங்களுக்குப் பத்து தேவையில்ல. அஞ்சு எடுத்துக்குங்க."

எனக்குப் பொறுக்கவில்லை. "ஏம்மா, பத்து இருக்கும்போது அஞ்சு எதுக்கு? ஸ்ட்ராங்கா குடு. கல்யாண மாப்பிள்ளை."

"ஆன்டி, இது சம்பால் இல்ல லா, காரம் கூடினா ருசி கூடுறதுக்கு."

யாழினி வாயைப் பொத்திக்கொண்டு குலுங்கினாள். "பாட்டிக்கு எல்லாத்துலயும் ரெண்டு கரண்டி கூட போடணும் அக்கா."

"போட்டுத்தான்டி உன்னை வளர்த்தேன்" என்றேன். ஆனால் அந்தப் பிள்ளை சொன்ன விதம் எனக்குப் பிடித்துவிட்டது. சமைக்கிறவளுக்குச் சமையலில் சொன்னால் ஏறும். கவுண்டரில் சாய்ந்துகொண்டு எல்லாவற்றையும் கேட்டேன். முதலில் காதுக்குப் பின்னால் கொஞ்சம் தொட்டு வைத்து இரண்டு மூன்று நாள் பார்க்க வேண்டும். அரிப்பு, தடிப்பு இல்லையென்றால்தான் முகத்துக்கு. ஆரம்பத்தில் ஒருநாள் விட்டு ஒருநாள். முகத்தைக் கழுவி, ஒத்தித் துடைத்து, இரண்டு சொட்டு. அதன் மேல் ஈரப்பதம் காக்கும் க்ரீம். காலையில் வெளியே போவதற்கு முன்னால் சன்ஸ்கிரீன், அது இல்லாவிட்டால் இரவு போட்டதை எல்லாம் வெயில் பிடுங்கிக்கொள்ளும். ஒரே நேரத்தில் நாலு சாமான் புதிதாகத் தொடங்கக் கூடாது, எது ஒத்துக்கொள்ளவில்லை என்று தெரியாமல் போய்விடும். எரிச்சல் நிற்காவிட்டால் நிறுத்திவிட்டு டாக்டரிடம் போக வேண்டும். "பள்ளம் விழுந்த தழும்பை இது நிரப்பாது அண்ணே, அதை முன்னாடியே சொல்லிடுறேன். கறைக்குத்தான். அதுக்கும் ரெண்டு மூணு மாசம் பொறுக்கணும்" என்றது. யாழினிக்கு ஒன்றும் பெரிதாகக் கொடுக்கவில்லை. மென்மையான முகம் கழுவும் சோப்பு நீர், சன்ஸ்கிரீன், அவ்வளவுதான். கூடினால் கிளினிக்கில் காட்டு, கிள்ளாதே என்று சொன்னது. பெட்டியைத் திருப்பி, அரசாங்கத்தில் பதிந்த எண் இங்கே இருக்கிறதா, தயாரித்தவன் பெயர் இருக்கிறதா, என்ன சேர்த்திருக்கிறான் என்ற பட்டியல் இருக்கிறதா என்று பார்க்கச் சொல்லிக் கொடுத்தது. பட்டியலில் எது முன்னால் வருகிறதோ அதுதான் அதிகமாம். நான் விரலை வைத்துக் கூட்டிக் கூட்டிப் படித்தேன். என் டப்பாவில் இதில் ஒன்றுகூட இல்லை.

கடைசியாகத்தான் நான் கேட்க வேண்டியதைக் கேட்டேன். "இதைப் போட்டா வெள்ளையாவானா?"

நீ வேறு பக்கம் பார்த்தாய். அந்தப் பிள்ளை என்னை நேராகப் பார்த்து, "ஆக மாட்டாங்க ஆன்டி. அண்ணன் என்ன நிறமோ அதே நிறம்தான். முகம் தெளிவா இருக்கும்" என்றது.

தெளிவு. திரும்பி வரும் வழியெல்லாம் அந்தச் சொல்லையே நினைத்துக்கொண்டு வந்தேன். பட்டுப் பை மடியில், யாழினி தோளில் தூங்குகிறாள். நான் கேன்டீனில் எத்தனை ஆயிரம் தடவை ரசம் வைத்திருப்பேன். அடுப்பை அணைத்துக் கொஞ்ச நேரம் தொடாமல் விட்டால் மண்டி கீழே போய் மேலே ரசம் தெளிந்து நிற்கும். தெளிந்த ரசம் வெள்ளையாகவா இருக்கிறது? ரசத்தின் நிறம் ரசத்துக்கு. அதை அவசரப்பட்டுக் கலக்கினால்தான் கெடும். இவ்வளவு தெரிந்த நான், பெற்ற பிள்ளையின் முகத்தில் தெளிவு என்றால் வெளுப்பு என்று நினைத்துக்கொண்டேனே. என் வாயில் 'கலர்' என்ற சொல் இத்தனை வருஷம் எவ்வளவு சுலபமாக வந்தது. பிள்ளை பிறந்தால் முதலில் அதைத்தான் கேட்போம், பெண் பார்த்துவிட்டு வந்தால் அதைத்தான் சொல்வோம். அன்றைக்கு ரயிலில் அந்தச் சொல்லை விட்டுவிட்டேன். முழுதாக விட்டுவிட்டேன் என்று சொல்ல மாட்டேன், போன வாரம்கூட நாக்கு நுனி வரைக்கும் வந்தது. ஆனால் யாழினி காதில் அது விழாது.

நீ பொறுத்தாய். முதல் மாதம் ஒன்றும் தெரியவில்லை, உனக்குச் சலிப்பு வந்தது, கண்ணாடியில் கன்னத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாய். இரண்டாம் மாதம் மூக்கோரத்தில் எண்ணெய் வடிவது குறைந்தது. மூன்றாம் மாதத்தில் ஒருநாள் காலை, கோயிலுக்குப் போக நீ வாசலில் நின்றபோது வெளிச்சம் முகத்தில் விழுந்தது. தாடையில் இருந்த கருங்கறை பழைய மை மாதிரி மங்கியிருந்தது. பள்ளங்கள் இருந்தன, இன்னும் இருக்கின்றன. நிறம் அதேதான், உங்கப்பா நிறம். அதைவிட எனக்கு வேறொன்று தெரிந்தது. நீ தலையைக் குனியாமல் நின்றாய்.

இனி, உனக்குத் தெரியாதது. அன்று கிளினிக்கிலிருந்து வந்ததும் வீட்டிலிருந்த மிச்ச டப்பாக்களைக் குப்பையில் போட்டேன் என்று மட்டும்தான் உனக்குத் தெரியும். விற்ற பதினொரு வீட்டுக்கும் போய் நான் ஒரு வார்த்தை சொல்லவில்லை தம்பி. வெட்கம். என் மகன் முகம் போனதை அவர்கள் பார்த்தார்கள், நான் கேட்காமலே புரிந்துகொள்வார்கள் என்று என்னை நானே ஏமாற்றிக்கொண்டேன். புது சரக்கு வரவில்லை என்று சொல்லிச் சமாளித்தேன். நலுங்கு அன்று ராஜம்மா அக்கா வந்திருந்தாளே, பழைய பிளாட்டில் எதிர்வீடு, அவளும் என்னிடம் வாங்கியவள்தான். நீ, "முகத்துல பூச வேணாம் ஆன்டி, கன்னத்துல ஒரு பொட்டு மட்டும் வைங்க" என்று கேட்டபோது, "ஏன், மாப்பிள்ளை மூஞ்சி என்ன தங்கத்துல செஞ்சதா?" என்று எல்லோரையும் சிரிக்க வைத்தாளே, அவள் பிறகு என்னைச் சமையற்கட்டு ஓரம் இழுத்துப் போனாள். "பையன் முகம் இப்படித் தெளிஞ்சிருக்கே, என்ன க்ரீம்? அப்போ குடுத்தியே, அது மாதிரியா? எனக்கும் ஒண்ணு வாங்கிக் குடேன்." கையில் மஞ்சள் கிண்ணத்தோடு நின்றேன். சொல்லியிருக்க வேண்டும். "பாயசம் அடி பிடிக்குது அக்கா" என்று சொல்லிவிட்டு ஓடினேன்.

நீங்கள் புறப்பட்டுப் போன மறுவாரம், யாழினியைக் கூட்டிக்கொண்டு அவள் வீட்டுக்குப் போனேன். உட்காரக்கூட இல்லை, வாசலிலேயே எல்லாவற்றையும் கொட்டினேன். டாக்டர் சொன்னது, நான் மறைத்தது, எல்லாம். அவள் என் கையைப் பிடித்துக்கொண்டு, "அடிப்பாவி, அதை நான் மூணாம் நாளே ஜன்னல் வழியா வீசிட்டேன்டி. எரிஞ்சுச்சு. உன்கிட்ட சொன்னா மனசு சங்கடப்படுவியேன்னு நல்லாருக்கு நல்லாருக்குன்னு சொல்லிக்கிட்டு இருந்தேன்" என்றாள். சொன்னதும் அவள் முகம் மாறியது. "ஆனா நான் எரிஞ்சதைச் சொல்லியிருந்தா நீ உன் பையனுக்கு நிறுத்தியிருப்ப இல்ல?" இரண்டு பேரும் வாசலில் நின்று அழுதோம். யாழினிதான், "பாட்டி, ஆன்டி, உள்ள போய் அழலாம் லா, எல்லாரும் பாக்குறாங்க" என்றாள்.

பதினொரு வீட்டில் ஆறு பேரைக் கண்டுபிடித்துச் சொல்லிவிட்டேன். ஒருத்தி கதவைச் சாத்திக்கொண்டாள், அவளுக்கு அந்த உரிமை இருக்கிறது. மற்ற ஐந்து பேர் செந்தூல், ஜொகூர் என்று எங்கெங்கோ போய்விட்டார்கள். அதனால்தான் பத்திரிகை. அம்மா, அக்கா, தங்கச்சி, யாராக இருந்தாலும் இதைப் படித்தால், என் கையால் மூடியில் ஒற்றைச் சொல் போட்ட டப்பா வாங்கியவர்கள் என்றால், நான் தெரியாமல் விற்றேன், தெரிந்த பிறகு சொல்லாமல் இருந்தேன். இரண்டாவதுதான் பெரிய தப்பு. மன்னித்துவிடுங்கள். வீட்டில் வயசுப் பிள்ளை இருந்தால் பெயரில்லாத க்ரீம் எதையும் வாங்காதீர்கள். ஃபார்மசியில் இருக்கிற பிள்ளைகளைக் கேளுங்கள், அவர்கள் நம்மைப் பார்த்துச் சிரிப்பதில்லை. அந்தக் க்ரீமால் என் கன்னத்தில் விழுந்த மங்கு இன்னும் இருக்கிறது. நானும் இப்போது இரண்டு சொட்டுப் போடுகிறேன். சன்ஸ்கிரீன் பூசிக்கொண்டு மார்க்கெட்டுக்குப் போனால் மீன்காரர், "ஆன்டி, என்ன மாவு ஒட்டியிருக்கு?" என்று கேட்கிறார். கேட்டால் கேட்கட்டும்.

கடைசிக்கு வைத்திருந்ததைச் சொல்லி முடிக்கிறேன். நலுங்கு அன்று எல்லோரும் உனக்கு மஞ்சள் வைத்தார்கள், நான் பின்னால் சுவரோரம் நின்றேன். உங்கப்பா போன பிறகு நான் வைக்கக் கூடாது என்பது நம் பழக்கம், எனக்கு அதில் வருத்தமில்லை என்று எல்லோரிடமும் சொல்லிக்கொண்டிருந்தேன். நீ குளித்து முடித்து வந்தாய். உன் அக்கா உட்காரவைத்து இரண்டு உள்ளங்கையிலும் பத்து விரல் நுனியிலும் மருதாணி அப்பிவிட்டாள். வந்தவர்கள் எல்லாம் சாப்பிடப் போய்விட்டார்கள். நீ இரண்டு கையையும் முழங்காலில் மல்லாத்தி வைத்துக்கொண்டு நாற்காலியில் உட்கார்ந்திருந்தாய். "ம்மா, அந்தக் குப்பியை எடுத்துட்டு வாங்க" என்றாய். எடுத்து வந்து நீட்டினேன். நீ கையைப் பார்த்தாய், என்னைப் பார்த்தாய். "எப்படிப் போடுறது? நீங்க போட்டு விடுங்க."

"அக்காவைக் கூப்பிடுறேன் இரு" என்றேன்.

"எதுக்கு? நீங்க போடுங்க."

"இந்தக் கையாலயாடா?"

"வேற எந்தக் கை இருக்கு?" என்றாய்.

குழாயை அழுத்தினேன். குறி தவறி ஒரு சொட்டு உன் மூக்கு நுனியில் விழுந்தது. இன்னொன்று என் விரலில். நான் கையைக் கொண்டு வந்தேன். உன் தலை பின்னால் போகவில்லை. பார்த்துக்கொண்டே இருந்தேன், போகவில்லை. கண்ணை மூடிக்கொண்டாய். "தேய்க்காதீங்கம்மா, ஒத்தி விடுங்க" என்றாய். ஒத்திவிட்டேன். நெற்றி, கன்னம், தாடை. அந்தப் பள்ளங்களை ஒவ்வொன்றாக என் விரல் தொட்டது. ஒவ்வொன்றையும் எனக்குத் தெரியும். நீ சின்னப் பிள்ளையாக இருந்தபோது எண்ணெய் தேய்த்துவிட்ட அதே எலும்பு, அதே தாடை. பிறகு எனக்கே தெரியாமல் இரண்டு கையும் உன் முகத்தை வழித்து என் நெற்றிக்குப் போனது. நெட்டி முறிக்கப் பார்த்தேன். சீரம் பட்ட விரல் வழுக்கியது. இன்னொரு தடவை அழுத்தினேன். பத்து விரலில் ஒன்றுகூடச் சொடுக்கவில்லை.

நீ ஒற்றைக் கண்ணைத் திறந்து பார்த்தாய். "பாத்தீங்களா, எனக்குத் திருஷ்டியே இல்ல."

சிரித்துக்கொண்டே முந்தானையை முகத்தில் போட்டுக்கொண்டேன். நீ பார்த்திருப்பாய்.

நன்றி என்று சொந்தப் பிள்ளைக்கு எழுதுவது நம் வீட்டில் வழக்கமில்லை. ஆனால் எழுதுகிறேன். நீ என்னைத் திட்டாமல் இருந்ததற்கு இல்லை, அது உன் குணம். அந்தச் சாயங்காலம் வீடு நிறைய ஆட்கள் இருந்தும் கையில் மருதாணி காய என்னைக் கூப்பிட்டாயே, அதற்கு. அடுத்த ஞாயிறு நீயும் கவிதாவும் வருகிறீர்கள். ரசம் வைப்பேன், தெளியும் வரை யாரையும் கலக்க விடமாட்டேன். கார் சத்தம் கேட்டதும் அடுப்பை அணைத்துவிட்டு, கையைச் சோப்புப் போட்டுக் கழுவி, பத்து விரலையும் ஈரமில்லாமல் துடைத்துக்கொண்டு வாசலில் நிற்பேன்.

உன் அம்மா